கோடி வாய்க்கால் என் பாகம்

1

நெதர்லாந்தில் இந்த வீட்டுக்கு நாங்கள் குடிவந்த முதல் வருஷமே, இந்தப் பகுதி நீர் வாரியத்திலிருந்து ஒரு கடிதம் வந்தது. எங்கள் வீட்டில் ‘ஸ்கௌ’ நடக்கப் போகிறது, அதற்குள் எல்லாவற்றையும் சுத்தம் செய்து வையுங்கள் என்று எழுதியிருந்தது. அப்போது என் டச்சு மொழி ‘நன்றி’, ‘எவ்வளவு’, ‘மன்னிக்கவும், புரியவில்லை’ என்பதோடு சரி. அகராதியைப் பார்த்தேன். ஸ்கௌ என்றால் குளிர்காய நெருப்பு மூட்டுகிற அடுப்பின் மேல்மாடம் என்று போட்டிருந்தது.

எங்கள் வீட்டில் அப்படி ஓர் அடுப்பே கிடையாது. என் வீட்டுக்காரர் குமரேசன் கடிதத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, “இல்லாத அடுப்பப் பாக்க ஆள் வருதாம். எதுக்கும் நீ சமையல் அடுப்பத் தேய்ச்சு வை” என்றார். தேய்த்தேன். முகம் பார்க்கலாம், அப்படித் தேய்த்து வைத்தேன். வந்த அதிகாரி வீட்டுக்குள் காலே வைக்கவில்லை. நேராகக் கொல்லைக்குப் போனார். எங்கள் தோட்டத்துக்கும் பக்கத்து மாட்டுப் புல்வெளிக்கும் நடுவே ஓடுகிற வாய்க்காலை எட்டிப் பார்த்தார். கையிலிருந்த கோலால் நாணலை விலக்கினார். முகத்தைச் சுளித்தார்.

அந்தச் சொல்லுக்கு வாய்க்காலைப் பார்வையிடுவது என்று இன்னோர் அர்த்தமும் உண்டாம். மழை வலுப்பதற்கு முன்னால் ஒவ்வொரு வாய்க்காலையும் ஆள் வந்து பார்ப்பார்கள். யார் நிலத்தை ஒட்டி ஓடுகிறதோ அவர்கள் பாதி வாய்க்கால் வரைக்கும் புல்லும் பாசியும் வார வேண்டும். மறுபாதி எதிர்க்கரைக்காரருக்கு. வாராவிட்டால் அவர்களே ஆள் வைத்து வாரிவிட்டு, செலவை நம்மிடம் வாங்கிக்கொள்வார்கள்.

அந்த மனிதர் முன்னால் எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. ஏன் சிரிக்கிறாள் இந்தப் பெண் என்று அவர் குழம்பிப்போனார். நான் திருவண்ணாமலைப் பக்கத்தில், ஏரிப் பாசன ஊரில் பிறந்தவள். மழைக்கு முன்னால் வீட்டுக்கு ஓர் ஆள் மண்வெட்டியோடு வாய்க்கால் வாரப் போகிற ஊர் அது. வராத வீட்டை ஊர் நடுவில் நிற்க வைத்துக் கேட்பார்கள். அதெல்லாம் போதும் என்று படித்து, வேலை தேடி, கடல் தாண்டி வந்தால், இங்கே ஒருவர் மழைக்கோட்டு மாட்டிக்கொண்டு வந்து, “அம்மா, வாய்க்காலை வாருங்கள்” என்கிறார். எங்கே போனாலும் விடாது போலிருக்கிறது.

வெள்ளைக்காரர்கள் எல்லாம் ஒழுங்கு, நாம்தான் மோசம் என்று சொல்ல நான் உட்காரவில்லை. அந்தப் பாட்டைப் பாட வேறு ஆட்கள் இருக்கிறார்கள். இங்கேயும் சாணமும் உரமும் இறங்கி, கோடையில் வாய்க்கால் பாசி பிடித்து நாறுகிறது. அதைக் கேட்டால் ஆளுக்கு ஆள் கை காட்டுகிறார்கள். நான் இதை எழுதுவது என் தம்பியால்.

2

வருஷா வருஷம் வருகிற அந்த ஸ்கௌ கடிதம் போன வருஷமும் வந்த வாரத்தில்தான் தம்பி ஏழுமலை போன் செய்தான். அவன் சும்மா போன் செய்கிற ஆள் இல்லை. பொங்கல், தீபாவளி, சாவு. இந்த மூன்றும் இல்லாமல் போன் வந்தால் ஏதோ காரியம் இருக்கிறது என்று அர்த்தம்.

“அக்கா, ஒரு பவர் எழுதி அனுப்பு. நிலத்தப் பிளாட் போடக் கேக்கறாங்க.”

அப்பா போன பிறகு நிலம் எங்கள் இரண்டு பேர் பெயரிலும் கூட்டுப் பட்டாவாக இருக்கிறது. கலெக்டர் ஆபீஸ் இருக்கிற வேங்கிக்காலைத் தாண்டிக் கொஞ்ச தூரம் போனால் எங்கள் ஊர். ஊர்ப் பெயரை எழுதவில்லை, எழுதினால் அதற்கும் ஒரு சண்டை வரும். ஏரிக்குக் கீழே எங்கள் நிலம். மேட்டுப் பக்கம் கிணறும் போரும் இருக்கின்றன. தார் ரோட்டை ஒட்டின பள்ளத்துப் பக்கம் கோடி வாய்க்கால் போகிறது.

தெற்கத்திக்காரர்களுக்காக ஒரு வார்த்தை. ஏரி நிரம்பி, மிச்சத் தண்ணீர் கரையின் ஓரத்துக் கலங்கல் வழியாக வழிந்து வெளியேறுவதை எங்கள் பக்கம் ‘ஏரி கோடி போகுது’ என்போம். ஏரி கோடி போனால் ஊரே அங்கேதான் நிற்கும். பூவும் மஞ்சளும் தூவி, கற்பூரம் கொளுத்தி, கிடா வெட்டிப் பொங்கல் வைப்பார்கள். அந்தத் தண்ணீர் போகிற வழிதான் கோடி வாய்க்கால். அது எங்கள் நிலத்தைக் கடந்து அடுத்த ஊர் ஏரிக்குப் போகிறது. எங்களுக்கு மிச்சம், அவர்களுக்கு அதுதான் வரத்து. அரசாங்க வரைபடத்தில் அது ஒற்றைக் கோடு மாதிரி மெலிந்து கிடக்கும். தண்ணீர் வரும்போது அதற்கு வேண்டிய அகலம் எங்கள் பட்டாவில்தான் இருக்கிறது. அதனால் அந்தப் பள்ளத்தில் எங்கள் அப்பா ஒரு செடி வைத்ததில்லை.

“கோடி வாய்க்கா இன்னா ஆவும்?” என்று கேட்டேன்.

“அது மேல ரோடு வர்து. அடியில பைப் போட்டுடுவாங்க.”

“எவ்ளோ பெரிய பைப்பு?”

“பைப்புன்னா பைப்பு. நீ இன்னா இன்ஜினியரா?”

“ஏரி கோடி போனா அந்தப் பைப்பு தாங்குமாடா?”

“கோடி போயி எத்தினி வருஷமாச்சு? மழையே கம்மி. நீ அங்க உக்காந்துகினு கோடி போவும், கோடி போவும்னு கனா கண்டுகினு இரு.”

போனை ஒலிபெருக்கியில் போட்டிருந்தேன். என் மகள் இனியா ரொட்டியில் வெண்ணெய் தடவிக்கொண்டு கேட்டுக்கொண்டிருந்தாள். இங்கேயே பிறந்து வளர்ந்தவள். தமிழில் கேட்டால் டச்சில் பதில் சொல்வாள், ரொம்ப ஆச்சரியமாக இருந்தால் மட்டும் தமிழ் வரும். அன்றைக்குத் தமிழ் வந்தது.

“அம்மா, மாமா ஏரிய ஒரு கோடிக்கு விக்கறாரா?”

விழுந்து விழுந்து சிரித்தேன். குமரேசனிடம் சொல்லிச் சிரித்தேன். பாத்திரம் கழுவும்போது சிரிப்பு நின்றுவிட்டது. சொல் தெரியாமல் ஒரு சின்னப் பெண் செய்த தப்பை எங்கள் ஊர் சொல் தெரிந்தே செய்துகொண்டிருக்கிறது. ஏரி கோடி போவதைப் பார்த்து வளர்ந்தவன் என் தம்பி. அவனுக்கே இப்போது கோடி என்றால் எண்ணாகத்தான் காதில் விழுகிறது.

அவளிடம் விளக்கிச் சொன்னேன். பொறுமையாகக் கேட்டுவிட்டு டச்சுக்குத் திரும்பிவிட்டாள். “நீ அங்கே வாழவில்லை, அங்கே ஓட்டும் போடுவதில்லை. அங்கே இருப்பவர்கள் முடிவு செய்யட்டுமே” என்றாள். பள்ளிக்கூடத்தில் விவாதம் செய்யக் கற்றுக்கொடுக்கிறார்கள், வீட்டில் வந்து நம்மிடம் பழகிப் பார்க்கிறார்கள்.

“நான் அங்க இல்லதான். பட்டாவுல என் பேரு இருக்குது” என்றேன்.

பதில் சரியில்லை என்று எனக்கே தெரியும். அவள் தோளைக் குலுக்கிக்கொண்டு போய்விட்டாள்.

3

பவர் தர மாட்டேன் என்று சொன்னதும் சொந்தக்காரர்கள் ஒவ்வொருவராக போன் செய்ய ஆரம்பித்தார்கள். இத்தனை பேரிடம் என் நம்பர் இருப்பதே எனக்கு அப்போதுதான் தெரியும். கட்டிக் கொடுத்த பெண்ணுக்கு நிலம் எதற்கு என்றார் ஒரு சித்தப்பா. ஃபாரினில் சம்பாதித்தும் ஆசை அடங்கவில்லை பாரு என்றார் ஒரு பெரியம்மா. ஆசைதான் பெரியம்மா, உங்களுக்கு இல்லாத ஆசையா என்று கேட்டேன். அதற்குப் பிறகு அவர் கூப்பிடவில்லை.

இவர்கள் யாருக்கும் நான் அசையவில்லை. ஏழுமலை சொன்னதுதான் உறுத்தியது. “ஜனம் ஜாஸ்தியாயிடுச்சுக்கா. வர்றவன் போறவன் எல்லாம் எங்க இருப்பான்? வீடு வேணாமா? நீ மட்டும் ரெண்டு மாடி வீட்டுல இருந்துகினு எங்களுக்குப் புத்தி சொல்லுவ.”

நியாயமான கேள்வி. யோசித்துப் பார்த்தேன். வேங்கிக்கால் பக்கம் நான் சைக்கிளில் போன பாதையெல்லாம் இப்போது தெருக்கள். ஆபீஸ் வந்தது, ஆபீசுக்கு ஆள் வந்தார்கள், ஆளுக்கு வீடு வந்தது, வீட்டுக்குப் போர் வந்தது. ரமணாசிரமம் பக்கம் செங்கம் ரோட்டில் வாடகை அறைகள் மாடி மேல் மாடியாகப் போகின்றன. அமைதி தேடி வருகிறவர்களும் ஒரு நாளைக்கு இரண்டு வேளை குளிக்கத்தான் செய்கிறார்கள். பௌர்ணமிக்கு மலையைச் சுற்ற வருகிற கூட்டத்துக்கு அடி அண்ணாமலையில் கடை வேண்டும், கழிப்பறை வேண்டும், வண்டி நிறுத்த இடம் வேண்டும். அதெல்லாம் நேற்றுவரை மானாவாரிப் பயிர் வைக்கிற கொல்லியாக இருந்த நிலம். ஒவ்வொருத்தரிடமும் தனியாகப் போய்க் கேட்டால் ஒவ்வொருத்தர் பக்கமும் நியாயம் இருக்கும். வீடு கட்டினவர் குற்றவாளி இல்லை. அறை கட்டினவரும் இல்லை.

ஆனால் மழை இந்த நியாயத்தையெல்லாம் கேட்டுக்கொண்டு பெய்வதில்லை. மலைமேல் விழுகிற தண்ணீர் கீழே வந்தே தீரும். முன்பு அது மண்ணில் இறங்கி, ஏரியில் தங்கி, கோடி வழியாக அடுத்த ஏரிக்குப் போகும். இப்போது கான்கிரீட்டில் வழுக்கிக்கொண்டு ஒரே ஓட்டமாக ஓடுகிறது. வழியில் எவன் வீடு இருக்கிறதோ அவன் வீட்டுக்குள் புகுந்து போகிறது. மண்ணில் இறங்காததால் சித்திரையில் போர் காற்று விடுகிறது. அப்போது, “அய்யோ, தண்ணி பஞ்சம்” என்று இன்னும் ஆழமாகத் துளைக்கிறோம்.

ஜனம் ஜாஸ்தி என்கிறான் தம்பி. நான் இருக்கிற இடத்திலும் நெருக்கம் குறைவில்லை. ஆள் மேல் ஆளாகத்தான் இருக்கிறோம். வீடும் கட்டுகிறார்கள், வாய்க்காலையும் விடுகிறார்கள். ஆள் கூடினால் தண்ணீர் போகிற வழியை இன்னும் அகலமாக அல்லவா விட வேண்டும்? நம் ஊரில் மட்டும் ஆள் கூடக்கூட வாய்க்கால் ஏன் மெலிகிறது? இதை எவரும் எனக்கு விளக்கவில்லை. ஜனம் பெருத்துவிட்டது என்று சொல்லிவிட்டால் யாரும் யாருக்கும் பதில் சொல்ல வேண்டியதில்லை. எனக்கு அந்தச் சாக்கு பிடிக்கவில்லை.

பவர் தர மாட்டேன் என்பது சரி, வேறு என்ன செய்வது? ‘பாகம் பிரித்துக்கொள்ளலாமா’ என்று தோன்றியது. அதற்கு என்னென்ன காகிதம் வேண்டும் என்று தூதரகத்துக்குப் போய்க் கேட்டேன். அங்கே கண்ணாடிக்குப் பின்னால் இருந்தவர் என் பாஸ்போர்ட்டையும் பட்டா நகலையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தார். என் பெயர் பச்சையம்மாள். எங்கள் பக்கத்துச் சாமி பெயர். பாஸ்போர்ட்டில் அது ஒரு மாதிரி ஆங்கிலத்தில் இருக்கிறது, ஊர்க் காகிதத்தில் இன்னொரு மாதிரி. வேலை செய்கிற விதைக் கம்பெனியில் என்னைப் ‘பாட்சி’ என்கிறார்கள்.

“மேடம், இது இரண்டும் ஒரே ஆளா?” என்றார் அவர்.

“ஆமாம் சார், இரண்டும் நான்தான்.”

“அதை நிரூபிக்கணும்.”

இந்த நாட்டில் எனக்கு யாரும் இவ்வளவு பெரிய தத்துவக் கேள்வி கேட்டதில்லை. நேரில் போவதுதான் சுலபம் என்று மே மாதம் விடுப்பு எடுத்துக்கொண்டு ஊருக்குப் போனேன்.

4

ஊருக்குப் போனதும் முதலில் ரேவதி வீட்டுக்குப் போனேன். என்னோடு பள்ளிக்கூடத்தில் படித்தவள். எங்கள் நிலத்துக்குக் கீழே, கோடி வாய்க்கால் முன்பு போன வழியில் ஒரு நகர் வந்திருக்கிறது. அங்கே வீடு கட்டிக்கொண்டு இருக்கிறாள். நான் போனபோது வாசலில் தண்ணி லாரி நின்றிருந்தது. பிளாஸ்டிக் குழாயைத் தொட்டிக்குள் விட்டுவிட்டு ரேவதி இடுப்பில் கை வைத்து நின்றாள்.

உள்ளே சுவரில் முழங்கால் உயரத்துக்குப் பெயிண்ட் வேறு நிறத்தில் இருந்தது. போன கார்த்திகையில் சாதாரண மழைக்கே அதுவரைக்கும் தண்ணீர் வந்ததாம். ஏரி கோடி போகவில்லை. ரோட்டுத் தண்ணீருக்கே இந்த நிலைமை.

“மழக்காலத்துல வேணாம்னாலும் வீட்டுக்குள்ள தண்ணி வர்து. சித்திரையில லாரிக்காரன் கால்ல வுழுந்தாதான் தண்ணி. இது இன்னா கணக்கு, சொல்லு” என்றாள்.

நான் வழக்கம்போல் ஆரம்பித்தேன். வாய்க்காலில் போய் வீடு கட்டினால் என்று வாயைத் திறந்ததுதான் தாமதம், அவள் முகம் மாறிவிட்டது.

“எங்களுக்கு மட்டும் வாய்க்கால்லதான் வீடு கட்டணும்னு வேண்டுதலா? அவருக்கு ஆபீசு பக்கம், வெல கைக்கு எட்டுச்சு. காயிதம் காட்டனாங்க. வாய்க்கால்னு எவன் சொன்னான்? கோவப்படறதுன்னா வித்தவன் மேல படு பச்ச. வாங்கனவ மேல படாத.”

அவள் சொன்னது சரி. என் கோபம் அங்கேயே ஒரு திசையைப் பிடித்துக்கொண்டது. அடுத்து விற்கப் போகிறவர்களில் ஒருத்தி நான். என் கையெழுத்து விழுந்தால் மேலே எங்கள் நிலத்திலும் பைப்பு வரும், அதில் அடங்காத தண்ணீர் ரோட்டில் ஏறிக் கீழே பாயும். அன்றைக்கு ஏரி உண்மையாகவே கோடி போனால் ரேவதி வீட்டில் முழங்கால் அளவோடு நிற்காது.

மறுநாள் ஏழுமலை வீட்டில் பேச்சு வார்த்தை. பிளாட் போடுகிறவரும் வந்திருந்தார். மடித்த வரைபடத்தை விரித்து வைத்தார். ‘ஏரிக்கரை அவென்யூ’ என்று மேலே பெரிதாகப் போட்டிருந்தது. பெயருக்கு ஏரி வேண்டும், தண்ணீர் மட்டும் வேண்டாம்.

“அம்மா, நீங்க ஃபாரின்ல இருக்கறவங்க. டெவலப்மென்ட்னா இன்னான்னு உங்களுக்கு நாங்க சொல்லணுமா? வாய்க்கால நாங்க அடைக்கலங்க. மூடறோம், அவ்ளோதான்” என்றார்.

“ரெண்டுக்கும் இன்னா வித்தியாசம்?”

“அடைச்சா தண்ணி போவாது. மூடினா தெரியாது.”

அவர் இதை விளையாட்டுக்குச் சொல்லவில்லை. நிஜமாகவே விளக்கினார். நான் ஏழுமலையைப் பார்த்தேன். அவன் தரையைப் பார்த்துக்கொண்டு பேசினான்.

“போரு காஞ்சிடுச்சுக்கா. மல்லாட்ட போட்டா பன்னி தின்னுட்டுப் போவுது. பயிரு வெச்சி பொழைக்கறதுன்னா இனிமே முடியாது. எம்பொண்ணப் படிக்க வெக்கணும். நீ வந்து ஒரு வருஷம் இருந்து பயிர் வெச்சிக் காட்டு, அப்பறம் பேசு.”

அவன் பக்கத்தில் அவன் மனைவி செல்வி டீ டம்ளரோடு நின்றாள். எல்லார் கண்ணும் என் மேல். அவன் பொய் சொல்லவில்லை, விவசாயம் அவனைக் கைவிட்டுவிட்டது. அதற்கு என்னிடம் மருந்து கிடையாது.

“சரி. பிரிச்சிடலாம்” என்றேன். “கெணறு, போரு, மேட்டு நிலம் எல்லாம் நீ எடுத்துக்கோ. நீ இன்னா வேணா பண்ணு, நான் கேக்கல. ரோட்டோரத்துல கோடி வாய்க்கா போற பக்கம் என் பாகம்.”

“அது ஒண்ணுத்துக்கும் ஒதவாத எடம். பாதி பள்ளம்.”

“பரவால்ல.”

ஏழுமலைக்குப் புரியவில்லை. பிளாட் போடுகிறவருக்குப் புரிந்துவிட்டது. கையிலிருந்த டீயைக் கீழே வைத்தார். மேட்டு நிலத்துக்குத் தார் ரோட்டிலிருந்து போக வேண்டுமானால் என் பாகத்தைத் தாண்டித்தான் போக வேண்டும். பின்பக்கம் ஒரு வண்டிப் பாதை உண்டு. மாட்டு வண்டிக்குப் போதும், மனைக்கு ரோடு என்று காட்ட முடியாது.

“இப்பவே சொல்லிட்டேன் ஏழுமல. என் பாகத்துல ரோடு வராது. அப்பறம் அக்கா ஏமாத்திட்டான்னு ஊரெல்லாம் சொல்லாத. ஒத்துக்கறதுன்னா ஒத்துக்கோ. இல்லன்னா கூட்டுப் பட்டாவே இருக்கட்டும், நான் எதுலயும் கையெழுத்துப் போடல.”

அவன் எழுந்து நின்றான். அப்பாவின் கோபம் அப்படியே அவன் முகத்தில் இருந்தது. என் முகத்திலும் இருந்திருக்கும்.

“பிரிச்சா பிரி. எனக்கின்னா” என்றான்.

பத்திர ஆபீசில் கையெழுத்துப் போட்டு முடித்து வெளியே வந்தோம். அன்றிலிருந்து அவன் என்னோடு பேசுவதை நிறுத்திவிட்டான். ஒரே வீட்டில் சாப்பிட்டோம். “அவளுக்குக் குழம்பு வேணுமான்னு கேளு” என்று செல்வியிடம் சொல்வான். “போதும்னு சொல்லு” என்று நானும் செல்வியிடம் சொல்வேன். பாவம் செல்வி, எங்களுக்கு நடுவில் தபால்காரி ஆனாள். பேச்சை நிறுத்தினாலும் எங்கள் வீடுகளில் சோற்றை நிறுத்த மாட்டார்கள்.

கிளம்புகிற அன்று பிளாட் போடுகிறவர் ரோட்டில் எதிரே வந்தார். சிரித்துக்கொண்டேதான் சொன்னார். “நீங்க ஊருக்குப் போயிடுவீங்க. நெலம் இங்கதானேம்மா இருக்கும்.”

விமானத்தில் அந்த வார்த்தை என்னை உட்கார விடவில்லை. என் மகள் கேட்டதும் கிட்டத்தட்ட இதுதான். நல்ல எண்ணத்தில் சொல்கிறவர்களும் கெட்ட எண்ணத்தில் சொல்கிறவர்களும் கடைசியில் ஒரே இடத்துக்கு வருகிறார்கள். போனவள் பேசக் கூடாது. ஏன் பேசக் கூடாது? போன பிறகும் அந்த ஊர் மண்ணுக்கு வரி கட்டுகிறேன். அங்கே ஒருத்தி வீட்டுக்குள் தண்ணீர் போவதும் போகாததும் என் கையெழுத்தில் இருக்கிறது. கையெழுத்து வேண்டும்போது நான் ஊர்க்காரி, கேள்வி கேட்கும்போது மட்டும் வெளிநாட்டுக்காரியா? போங்கடா என்று இருந்தது.

5

போன மாதம் ஒரு காலை. நான் விதைக் கம்பெனியில் முளைப்புச் சோதனை அறையில் தட்டுகளைப் பிரித்துக்கொண்டிருந்தேன். செல்வியிடமிருந்து வீடியோ அழைப்பு வந்தது. வேலை நேரத்தில் அவள் கூப்பிட மாட்டாள். எடுத்தேன்.

“அண்ணி, உங்க பாகத்துல மண்ணு கொட்ட வந்துட்டாங்க. இவரு டவுனுக்குப் போயிருக்காரு. நான் போன் போட்டுட்டேன். அதுக்குள்ள கொட்டிடுவாங்க போலருக்கு, நீங்களே பாருங்க.”

திரையில் என் பள்ளம் தெரிந்தது. கரையில் ஒரு ஜேசிபி, பின்னால் மண் லாரி, ரோட்டோரத்தில் அடுக்கி வைத்த சிமெண்டுக் குழாய்கள். ஒரு மனிதன் உள்ளே நுழைகிற அளவுகூட இல்லாத குழாய். வேலையைப் பார்க்க வந்த மேஸ்திரி, பிளாட் போடுகிறவருடைய ஆள், செல்வியைக் கண்டுகொள்ளவே இல்லை. அவள் நடந்து போய் ஜேசிபி ஓட்டுகிறவர் முகத்துக்கு நேராகப் போனை நீட்டினாள்.

“யாரும்மா நீங்க?” என்றார் அவர்.

“நெலத்துக்காரி. மண்ணு கொட்டக் கூடாது. எடுத்துகினு போங்க.”

“ஓனரு கொட்டச் சொன்னாருங்களே.”

“ஓனரு நான்தான்.”

“போன்ல யாரு வேணா ஓனருன்னு சொல்லலாம்மா. நேர்ல ஆள் வரணும்.”

அவரைக் குறை சொல்ல முடியாது. அங்கே நான் கைக்கு அடக்கமான ஒரு கண்ணாடிக்குள் ஒரு முகம். கத்தினேன். போலீசுக்குப் போவேன் என்றேன், தாசில்தாரிடம் போவேன் என்றேன். மேஸ்திரி சிரித்துக்கொண்டு கை காட்டினார். லாரி பின்னால் நகர ஆரம்பித்தது. என் வாழ்க்கையில் அவ்வளவு கையாலாகாதவளாக நான் என்னை உணர்ந்ததில்லை.

அப்போது வண்டிச் சத்தம் கேட்டது. ஏழுமலை. ‘சரி, முடிந்தது’ என்று நினைத்தேன். இந்த ரோடு வந்தால் அவன் மனைக்குத்தான் லாபம். அவன் எதற்குத் தடுக்கப் போகிறான்? டவுனிலிருந்து வந்ததே வேலையை முடித்து வைக்கத்தான் என்று நினைத்தேன்.

அவன் பைக்கைப் பள்ளத்துக்கும் லாரிக்கும் நடுவில் குறுக்கே நிறுத்தினான். சாவியை எடுத்துச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டான்.

“வண்டிய எடு” என்றான் லாரிக்காரரிடம்.

மேஸ்திரி ஓடிவந்தார். “இன்னாண்ணா நீங்க? ஒங்க மனைக்குத்தானே ரோடு. நாங்க ஒங்களுக்கு நல்லதுதானே பண்றோம்?”

“எனக்கும் எங்க அக்காவுக்கும் ஆயிரம் இருக்கும். அவ பண்ணது தப்பு. அத நான் கேப்பேன், எங்க வீட்டுல கேப்பேன். நீ யாரு நடுவுல? பத்திரத்துல அது அவ பாகம். அவ ஊர்ல இல்லன்னா நாதியில்லன்னு நெனச்சிகினியா? ஒரு கூட மண்ணு வுழட்டும், அப்பறம் பேசிக்கலாம்.”

மேஸ்திரி போனை எடுத்துக்கொண்டு ரோட்டுப் பக்கம் போய் யாரிடமோ பேசினார். ரொம்ப நேரம் பேசினார். திரும்பி வந்து லாரியைப் போகச் சொன்னார். மண்ணோடு லாரி போயிற்று. குழாய்களை நாளைக்கு எடுத்துக்கொள்கிறோம் என்று சொல்லிவிட்டு அவரும் போனார். இது இத்தோடு முடியாது என்று எனக்குத் தெரியும், ஏழுமலைக்கும் தெரியும். இன்னொரு நாள் வருவார்கள். வரட்டும்.

நான் சோதனை அறையில் அழுதுகொண்டு நின்றேன். கூட வேலை செய்கிற பெண் ஓடிவந்து யாராவது இறந்துவிட்டார்களா என்று கேட்டாள். இல்லை, என் தம்பி என்னோடு பேசுவதில்லை என்றேன். அவளுக்கு என்ன புரிந்ததோ, என் தோளைப் பிடித்துக்கொண்டாள்.

திரையில் ஏழுமலை போன் பக்கம் திரும்பவே இல்லை. நான் பார்க்கிறேன் என்று அவனுக்குத் தெரியும். ஜேசிபி மட்டும் இன்னும் அங்கேயே நின்றது. அதன் கதவில் சாய்ந்துகொண்டிருந்த ஓட்டுநரைப் பார்த்து, “நீ ஏன் போவல?” என்று கேட்டான்.

“எனக்கு மணிக்கணக்கு வாடகைங்க. கொட்டுன்னா கொட்டுவேன், வாருன்னா வாருவேன். சும்மா திரும்பிப் போனா டீசல் நஷ்டம்” என்றார் அவர்.

ஏழுமலை பள்ளத்தைத் திரும்பிப் பார்த்தான். சீமைக்கருவேலம் மண்டிக் கிடந்தது. வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு செல்வி பக்கம் திரும்பினான்.

“அவகிட்ட கேளு. ஜேசிபி சும்மாதான் போவுது. வாய்க்கால வாரிட்டுப் போவச் சொல்லலாமான்னு கேளு. அவ பாகம், அவதான் சொல்லணும்.”

“அண்ணி, கேட்டீங்களா?” என்றாள் செல்வி.

“வாரச் சொல்லு. வாடக நான் தர்றேன்னு சொல்லு. கரைய மட்டும் ஒடச்சிடாம பாத்து வாரணும்னு சொல்லு.”

அவன் ஏற்கெனவே பள்ளத்துக்குள் இறங்கிவிட்டிருந்தான். அங்கிருந்தே குரல் வந்தது.

“அது எனக்குத் தெரியும்னு சொல்லு அவகிட்ட.”